பஃபலோ பில்ஸின் பிளேஆஃப் கதையை நோட்டில் எழுதுவது எப்படி

பஃபலோ பில்ஸ் ஓர் அமெரிக்கன் ஃபுட்பால் அணி. முதலில் ஆண்டுக் குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ளுங்கள். சீசன் செப்டம்பரில் தொடங்கும், தோற்றால் வெளியே என்னும் பிளேஆஃப் ஆட்டங்கள் ஜனவரியில் வரும். 1990 சீசனின் சூப்பர் பவுல், அதாவது இறுதிப் போட்டி, நடந்தது 1991 ஜனவரியில். இரண்டுக்கும் தனித்தனிக் கட்டம் போடுங்கள். நான் போடாமல், ஒரே தோல்வியை இரண்டாக எண்ணிப் பஃபலோவில் இருக்கும் பேரனிடம் மாட்டிக்கொண்டேன். "இருக்கிற தோல்வி போதாதா தாத்தா?" என்றான்.

அப்புறம் அந்த நான்கு ஆண்டுகள். தொடர்ந்து நான்கு சூப்பர் பவுலுக்குப் போன ஒரே அணி, நான்கிலும் தோற்றது. நியூயார்க் ஜயன்ட்ஸிடம் 20-19, வாஷிங்டனிடம் 37-24, டாலஸிடம் 52-17, மறுபடி டாலஸிடமே 30-13. முதலாவதைக் கொஞ்சம் விரிவாக எழுதுங்கள்: கடைசி நொடிகளில் ஸ்காட் நார்வுட் 47 கெஜத்திலிருந்து உதைத்த பந்து கம்பத்துக்கு வலப்பக்கமாகப் போய்விட்டது.

தோல்வியை மட்டும் எழுதினால் பாவம். 1993 ஜனவரி 3-ஐச் சிவப்பு மையில் எழுதுங்கள். ஹூஸ்டனிடம் 35-3 என்று பின்தங்கி, மாற்று குவாட்டர்பேக் (பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துபவர்) ஃபிராங்க் ரைக்கை வைத்துக் கூடுதல் நேரத்தில் 41-38 என்று ஜெயித்தார்கள்.

2000 முதல் 2016 வரை 17 சீசன்கள் பிளேஆஃபே இல்லை. ஒரு கோடு போதும்.

தேதியை அமெரிக்கக் கணக்கில் எழுதுங்கள். ஜனவரியில், நான் இருக்கும் தென்னாப்பிரிக்காவின் டர்பன் பஃபலோவைவிட 7 மணி நேரம் முந்தி. 2022 ஜனவரி 23 ஞாயிறு இரவு கான்சஸ் சிட்டி ஆட்டம், டர்பனின் சாட்ஸ்வொர்த் பகுதியில் எங்களுக்குத் திங்கள் விடியற்காலை. 13 நொடி மீதம், பில்ஸ் 36-33 முன்னிலை. சரி, முடிந்தது என்று ரஸ்க்கை டீயில் முக்கினேன். அதற்குள் சமன்; பிறகு 42-36 தோல்வி. ரஸ்க் கரைந்தே போயிருந்தது.