கலிஃபோர்னியாவில் டிரைவிங் லைசென்ஸ் எடுப்பது எப்படி? ஊரில் ஓட்டிப் பழகி வந்தவர்களுக்கு

ஊரில் பத்து வருடம் கார் ஓட்டிவிட்டு வந்தவன் நான். கலிஃபோர்னியாவில் முதல் டிரைவ் டெஸ்ட்டில் தேறவில்லை. எங்கும் இடிக்கவில்லை, வேகம் கூடவில்லை. ஒரு ஸ்டாப் போர்டு முன்னால் வண்டியை முழுசாக நிறுத்தாமல், யாரும் வரவில்லை என்று பார்த்துவிட்டு, மெதுவாக உருட்டிக்கொண்டே வலது பக்கம் திரும்பினேன். பக்கத்தில் இருந்த எக்ஸாமினர் தாளில் ஏதோ குறித்தார். திரும்பி வந்து நிறுத்தியதும், "சக்கரம் நிற்கவே இல்லை" என்றார்.

அதற்குப் பிறகு புதிதாக வந்த நண்பர்கள் பலருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பழகிக் கொடுத்திருக்கிறேன். நம்மவர்கள் சிரமப்படுவது பெரும்பாலும் இரண்டு இடங்களில்தான். ஒன்று, காகிதத்தில் இருக்கும் பெயர். இன்னொன்று, திரும்பாத கழுத்து. இரண்டையும் முன்கூட்டியே சரிசெய்துகொண்டால் மற்றதெல்லாம் வரிசையில் நிற்கும் வேலைதான். அதனால் இந்த இரண்டைப் பற்றி மட்டும் கொஞ்சம் நீட்டியே எழுதுகிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் லைசென்ஸ் கொடுப்பது மாநில அரசு. கலிஃபோர்னியாவில் டிஎம்வி, நியூ ஜெர்சியில் எம்விசி, டெக்சாஸில் டிபிஎஸ் என்று அலுவலகத்தின் பெயரே மாறும். குடிவந்தபின் உள்ளூர் லைசென்ஸுக்கு மாற எவ்வளவு நாள் என்பதும் மாறும். கலிஃபோர்னியாவில் 10 நாள், நியூயார்க்கில் 30 நாள், டெக்சாஸில் 90 நாள். நான் எழுதுவது கலிஃபோர்னியா முறை. வேறு மாநிலத்தில் இருப்பவர்கள் அங்குள்ள அலுவலகத்தின் தளத்தை ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.

1. முதலில் ஐ-94

விமான நிலையத்தில் உங்களை உள்ளே விட்டதற்கான பதிவுதான் ஐ-94. அது பாஸ்போர்ட்டில் ஒட்டி வராது, சுங்க மற்றும் எல்லைப் பாதுகாப்புத் துறையின் தளத்தில் நீங்களேதான் எடுக்க வேண்டும். எடுத்ததும் பெயர், பிறந்த தேதி, விசா வகை, கடைசித் தேதி நான்கையும் விரல் வைத்துச் சரிபாருங்கள். டிஎம்வி உங்கள் விவரத்தை 'சேவ்' என்ற மத்திய அரசுத் தரவுத்தளத்தில் சரிபார்க்கும். அங்கே ஓர் எழுத்து இடறினாலும் விண்ணப்பம் நின்றுவிடும். தப்பு இருந்தால் அதைத் திருத்த வேண்டியது டிஎம்வி இல்லை, எல்லைப் பாதுகாப்புத் துறையின் டிஃபர்ட் இன்ஸ்பெக்‌ஷன் அலுவலகம்.

கடைசித் தேதியைப் பார்க்கச் சொன்னதற்கும் காரணம் உண்டு. உங்கள் எச்-1பி (வேலை விசா) மூன்று வருடத்துக்கு இருந்தாலும் பாஸ்போர்ட் அதற்கு முன்பே முடிவதாக இருந்தால், ஐ-94ஐ பாஸ்போர்ட் தேதியோடு நிறுத்திவிடுவது வழக்கம். லைசென்ஸும் அந்தத் தேதியோடு முடிந்துவிடும்.

வந்து இறங்கிய மறுநாளே டிஎம்விக்கு ஓட வேண்டாம். பதிவுகள் ஏற ஒரு வாரம் போகட்டும். அந்த வாரத்தில் வீட்டுக் காகிதங்களைச் சேருங்கள்.

சுற்றிப் பார்க்க வந்திருக்கும் அப்பா, அம்மாவுக்கு இந்த வேலையெல்லாம் வேண்டாம். 18 வயது தாண்டிய பார்வையாளர்கள் செல்லுபடியாகும் ஊர் லைசென்ஸிலேயே இங்கே ஓட்டலாம். இன்ஷூரன்ஸில் அவர்களுக்கும் காப்பு இருக்கிறதா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

2. பெயரும் காகிதங்களும்

நமக்கு இனிஷியல்தான் உண்டு, குடும்பப் பெயர் கிடையாது. பலருடைய பாஸ்போர்ட்டில் சர்நேம் கட்டம் காலியாகவே இருக்கும். அமெரிக்க விசா அடிக்கும்போது உங்கள் முழுப்பெயரையும் சர்நேம் கட்டத்தில் போட்டுவிட்டு, முதல்பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'எஃப்என்யு' என்று போட்டுவிடுவார்கள். முதல்பெயர் தெரியவில்லை என்று அர்த்தம். அந்த மூன்று எழுத்து உங்கள் பெயராகவே ஆகி வங்கி, சோஷியல் செக்யூரிட்டி, லைசென்ஸ் எல்லாவற்றிலும் கூடவே வரும். ஊரிலிருந்து இன்னும் கிளம்பாதவர் யாராவது இதைப் படித்தால், விசாவுக்கு விண்ணப்பிக்கும் முன்பே பாஸ்போர்ட்டில் பெயரைப் பிரித்து எழுதி வாங்கிவிடுங்கள். வந்துவிட்டவர்கள் ஒன்றைச் செய்யுங்கள்: ஐ-94இல் எப்படி இருக்கிறதோ அதே வரிசையில், அதே எழுத்தில் விண்ணப்பத்தை நிரப்புங்கள். அலுவலகத்தில் கூப்பிடும் பெயர், அப்பா பெயரைச் சுருக்கி எழுதும் பழக்கம், எதையும் இங்கே கொண்டுவர வேண்டாம்.

கேட்கும்போதே ரியல் ஐடி லைசென்ஸாகக் கேளுங்கள். 2025 மே 7 முதல் உள்நாட்டு விமானத்தில் ஏறவே ரியல் ஐடியோ பாஸ்போர்ட் போன்ற வேறு ஆவணமோ வேண்டும். தங்கக் கரடியும் அதற்குள் நட்சத்திரமும் இருக்கும் கார்டு அதுதான். இது கையில் இருந்தால் ஒவ்வொரு பயணத்துக்கும் பாஸ்போர்ட்டைத் தூக்கிக்கொண்டு அலைய வேண்டாம்.

கையில் வேண்டியவை: பாஸ்போர்ட், விசா, ஐ-94, சோஷியல் செக்யூரிட்டி எண் (இருந்தால்), முகவரிக்கு இரண்டு ஆதாரம். வாடகை ஒப்பந்தம், வங்கி ஸ்டேட்மென்ட், மின்சார பில் மாதிரியானவை முகவரிக்குச் செல்லும். எச்-4இல் (எச்-1பி வைத்திருப்பவரின் துணைக்கான விசா) வந்த மனைவி அல்லது கணவர் மாட்டிக்கொள்வது இந்த முகவரி விஷயத்தில்தான், எல்லா பில்லும் இன்னொருவர் பெயரில் இருக்கும். வந்த வாரமே வங்கிக் கணக்கில் இருவர் பெயரையும் போட்டுவிடுங்கள். வாடகை ஒப்பந்தத்திலும் இருவர் பெயரும் வரட்டும். அப்படி இல்லாவிட்டால் துணைவரின் பில்லோடு திருமணச் சான்றிதழையும் எடுத்துப் போங்கள்.

3. விண்ணப்பம்

டிஎம்வி தளத்தில் கணக்கு தொடங்கி வீட்டிலிருந்தே நிரப்பிவிடலாம். உயரத்தை அடி, அங்குலத்திலும் எடையைப் பவுண்டிலும் கேட்பார்கள் (கிலோவை 2.2ஆல் பெருக்கிக்கொள்ளுங்கள்). உறுப்பு தானம் செய்ய விருப்பமா என்று கேட்பார்கள், ஆம் என்றால் கார்டில் ஒரு சிறிய இளஞ்சிவப்பு வட்டம் வரும்.

ஒரு கேள்வியில் மட்டும் தயவுசெய்து நிதானமாக இருங்கள். வாக்காளராகப் பதிவு செய்வது பற்றிய கேள்வி அது. அமெரிக்கக் குடிமக்கள் மட்டுமே வாக்காளர் ஆக முடியும். விசாவிலோ கிரீன் கார்டிலோ இருப்பவர் அவசரத்தில் 'ஆம்' என்று அழுத்திவிட்டால், வருடங்கள் கழித்துக் குடியுரிமை விண்ணப்பத்தில் பெரிய சிக்கலாக வந்து நிற்கும். வேறொருவர் உங்களுக்காக நிரப்பினால் இந்தப் பக்கத்தை மட்டும் நீங்களே படித்துப் பதில் சொல்லுங்கள்.

கட்டணம் சுமார் 45 டாலர். 12 மாதத்துக்குள் எழுத்துத் தேர்வுக்கு மூன்று வாய்ப்பு அதிலேயே அடக்கம்.

4. டிஎம்வியில் முதல் நாள்

அப்பாயிண்ட்மெண்ட் எடுத்துப் போங்கள். கட்டைவிரல் ரேகை, போட்டோ, கண் பரிசோதனை. கண்ணாடி போட்டுப் படித்தால் கண்ணாடி போட்டே ஓட்ட வேண்டும் என்று கார்டில் வரும், அதில் கவலைப்பட எதுவும் இல்லை.

எழுத்துத் தேர்வில் 18 வயது தாண்டியவர்களுக்கு 36 கேள்வி, 30 சரியாக இருக்க வேண்டும். டிஎம்வி கையேடு இலவசம், இரண்டு மாலை போதும். ஊர் அனுபவம் உதவாத பக்கங்களை மட்டும் இரண்டு முறை படியுங்கள். நாலு பக்கமும் ஸ்டாப் போர்டு இருக்கும் சந்திப்பில் முதலில் வந்து நின்றவர் முதலில் போவார், ஒரே நேரத்தில் வந்தால் வலது பக்கம் இருப்பவருக்கு வழி. பள்ளிப் பேருந்து சிவப்பு விளக்கை மின்னவிட்டு நின்றால் எதிர்ப்பக்கம் வருபவரும் நிற்க வேண்டும் (நடுவில் தடுப்பு இருந்தாலோ ஒவ்வொரு பக்கமும் இரண்டு லேன் அல்லது மேலே இருந்தாலோ எதிர்ப்பக்கத்துக்கு விலக்கு). ஏற்றத்தில் கர்ப் (சாலையோர நடைபாதை விளிம்பு) ஓரம் நிறுத்தினால் முன்சக்கரம் கர்பை விட்டு வெளியே, இறக்கத்தில் கர்பைப் பார்த்து, கர்ப் இல்லாவிட்டால் இரண்டிலும் வலது பக்கம். கர்பின் நிறங்களையும் மனப்பாடம் செய்யுங்கள்: சிவப்பு என்றால் நிற்கவே கூடாது, நீலம் மாற்றுத்திறனாளிகளுக்கு, பச்சை குறிப்பிட்ட நேரத்துக்கு மட்டும், வெள்ளை ஆளை ஏற்றி இறக்க.

தேறினால் பெர்மிட், அதாவது ஓட்டிப் பழகுவதற்கான அனுமதி. இங்கே குடியிருப்பவர் ஊர் லைசென்ஸ் வைத்திருந்தாலும் டிரைவ் டெஸ்ட் கொடுத்தே ஆக வேண்டும். அதுவரை கலிஃபோர்னியா லைசென்ஸ் உள்ள, 18 வயது தாண்டிய ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும்.

5. பழகுவது: கை, கண், கழுத்து

முதல் ஒரு வாரம் இண்டிகேட்டர் போடப்போய் வைப்பரைப் போடுவீர்கள், ஏனென்றால் இங்கே இண்டிகேட்டர் ஸ்டியரிங்கின் இடது பக்கம். காலி பார்க்கிங்கில் ஒரு மணி நேரம் சுற்றினால் கை பழகிவிடும்.

எந்தப் பக்கம் ஓட்டுவது என்ற குழப்பத்துக்கு நான் எல்லோருக்கும் சொல்லிக்கொடுப்பது ஒன்றுதான். ஓட்டுபவர் உட்கார்ந்திருக்கும் பக்கம் எப்போதும் சாலையின் நடுக்கோட்டை ஒட்டி இருக்கும். ஊரிலும் அப்படித்தான், இங்கேயும் அப்படித்தான். திரும்பி முடித்ததும் நடுக்கோடு உங்கள் இடது தோளுக்குப் பக்கத்தில் இருந்தால் சரியான பக்கத்தில் இருக்கிறீர்கள்.

அப்புறம் கழுத்து. ஊரில் நாம் கண்ணாடியையும் ஹாரனையும் நம்பி ஓட்டியவர்கள். பின்னால் வருபவர் ஹாரன் அடித்துத் தான் இருப்பதைச் சொல்லிவிடுவார். இங்கே யாரும் சொல்ல மாட்டார்கள். கண்ணாடியில் படாத ஒரு மூலையில் சைக்கிள்காரர் சத்தமில்லாமல் வந்துகொண்டிருப்பார். அதனால் லேன் மாறும் ஒவ்வொரு முறையும் இந்த வரிசை: உள்கண்ணாடி, பக்கக் கண்ணாடி, இண்டிகேட்டர், தாடை தோளைத் தொடும் அளவுக்குத் திரும்பி ஒரு பார்வை, பிறகு நகர்வு. திரும்பிப் பார்க்கும்போது ஸ்டியரிங்கும் சேர்ந்து இழுபடும், அதைத் தடுக்கத்தான் பழக்கம் வேண்டும். ஆள் இல்லாத நேரான தெருவில் கழுத்தை மட்டும் திருப்பி, வண்டி கோட்டை விட்டு விலகாமல் ஓட்டிப் பழகுங்கள். கர்பிலிருந்து கிளம்பும்போதும், வலது திரும்பும் முன் சைக்கிள் லேனுக்குள் நுழையும்போதும் இதே பார்வை.

எக்ஸாமினருக்கு உங்கள் கண்விழி நகர்வது தெரியாது, தலை திரும்புவது தெரியும். தெருவில் உங்களைக் காப்பாற்றுவதும் அந்தத் தலைதான்.

ஸ்டாப் போர்டில் வெள்ளைக் கோட்டுக்குப் பின்னால் நிறுத்துங்கள். வண்டி நின்றதும் உடம்பு லேசாகப் பின்னுக்குச் சாயும். அந்த அசைவை உணர்ந்தபிறகு இடது, வலது, மறுபடி இடது பார்த்துக் கிளம்புங்கள். இடது பக்கம் திரும்பச் சந்திப்பின் நடுவில் காத்திருக்கும்போது சக்கரத்தை நேராகவே வையுங்கள். திருப்பி வைத்திருந்து பின்னால் யாராவது இடித்தால் எதிரே வரும் வண்டிக்குள் போய் நிற்பீர்கள்.

6. டிரைவ் டெஸ்ட்

வண்டி உங்களுடையதோ நண்பருடையதோ, பதிவும் இன்ஷூரன்ஸும் கையில் வேண்டும். லைசென்ஸ் உள்ளவர் கூட வர வேண்டும். வாடகைக் கார் என்றால் ஒப்பந்தத்தில் உங்கள் பெயர் இருக்க வேண்டும்.

கிளம்பும் முன் எக்ஸாமினர் ஹாரன், பிரேக் விளக்கு, வைப்பர், டீஃப்ராஸ்டர் (கண்ணாடியில் படியும் பனியைப் போக்குவது), ஹசார்டு விளக்கு, பார்க்கிங் பிரேக் எங்கே என்று கேட்பார். கைச் சைகையும் உண்டு: இடது என்றால் கையை நேராக நீட்டுவது, வலது என்றால் முழங்கையை மடக்கி மேலே, நிறுத்தம் என்றால் கீழே. நண்பரின் காரைக் கொண்டுபோனால் டீஃப்ராஸ்டர் பொத்தானை முதல் நாளே தேடி வைத்துக்கொள்ளுங்கள், பலர் தடுமாறுவது அதில்தான்.

ஓட்டும்போது 15 தவறு வரை பரவாயில்லை. ஆபத்தான தவறு ஒன்று போதும், அத்தோடு முடிந்தது. கர்ப் ஓரமாக மூன்று கார் நீளத்துக்கு நேராகப் பின்னால் எடுக்கச் சொல்வார். பின்கேமரா இருந்தாலும் உடம்பைத் திருப்பிப் பின்கண்ணாடி வழியாகப் பார்த்தே எடுங்கள். அவசரம் வேண்டாம், நடக்கிற வேகம் போதும்.

7. கார்டு வந்தபிறகு

அன்றே ஒரு தற்காலிகக் காகிதம் தருவார்கள், கார்டு தபாலில் வரும். தபால்பெட்டியில் உங்கள் பெயரை ஒட்டி வையுங்கள்.

புதுப்பிப்பது: சாதாரணமாக ஐந்தாவது பிறந்தநாள் வரை செல்லும். விசாவில் இருப்பவர்களுக்கு ஐ-94 முடியும் நாளோடு முடியும். எச்-1பி நீட்டிப்பு வந்ததும் அந்த ஐ-797 (ஒப்புதல் அறிவிப்பு) தாளின் அடியில் புது ஐ-94 ஒட்டியிருக்கும், அதோடு உடனே டிஎம்விக்குப் போங்கள். காலாவதியான லைசென்ஸில் ஒரு நாள்கூட ஓட்டாதீர்கள், இங்கே சலுகை நாள் எதுவும் கிடையாது.

தொலைந்தால் டிஎம்வி கணக்கிலிருந்தே மாற்று கார்டு கேட்கலாம். திருடு போயிருந்தால் போலீஸில் புகார் எழுதி வைத்துக்கொள்ளுங்கள், யாராவது உங்கள் பெயரில் கடன் வாங்கினால் அந்தத் தாள் தேவைப்படும். புதிது கேட்டபிறகு பழையது கிடைத்தாலும் அது செல்லாது.

வீடு மாறினால் 10 நாளுக்குள் டிஎம்விக்குச் சொல்ல வேண்டும். குடிவரவுத் துறைக்கு ஏஆர்-11 என்ற முகவரி மாற்றப் படிவமும் அதே 10 நாளுக்குள்தான். சாமான் இறக்கிய அன்று இரவே லேப்டாப்பைத் திறந்து இரண்டையும் ஒன்றாக முடித்துவிடுங்கள்.