எந்த ஏழாவது குதிரைப்படை?

அமெரிக்க உள்நாட்டுப் போரில் கெட்டிஸ்பர்க் சண்டையின் மூன்றாம் நாள், 1863 ஜூலை 3. ஊருக்குக் கிழக்கே இருந்த வயல்வெளியில் வடக்கு (மத்திய அரசு) படையின் 23 வயது ஜெனரல் கஸ்டர், 7ஆவது ரெஜிமெண்டின் (பல கம்பெனிகள் சேர்ந்த படைப்பிரிவு) முன்னால் நின்று குதிரையை விரட்டிக்கொண்டு பாய்கிறார். இதைப் படித்த கையோடு, “கஸ்டரின் புகழ்பெற்ற 7ஆவது குதிரைப்படை கெட்டிஸ்பர்க்கில் சண்டை போட்டது” என்று எழுதிவிடுவோம். நானும் ஒரு காலத்தில் அப்படி எழுதியவன்தான். கஸ்டர் அன்று கூட்டிப்போனது 7ஆவது மிச்சிகன், அதாவது மிச்சிகன் மாநிலம் திரட்டிய படை. 1876இல் பூர்வகுடிகளோடு நடந்த லிட்டில் பிக்ஹார்ன் சண்டையில் அவர் கொல்லப்பட்டபோது நடத்திப்போன 7ஆவது அமெரிக்கக் குதிரைப்படை உருவானதே 1866இல்தான், போர் முடிந்து ஒரு வருஷம் கழித்து.

அமெரிக்க உள்நாட்டுப் போரின் குதிரைப்படையைப் பற்றி எழுதுகிறவர்கள் முதலில் வழுக்கி விழும் இடம் இந்த எண். நம்மூரில் இனிஷியல் இல்லாமல் “முருகன்” என்று மட்டும் சொன்னால் எந்த முருகன் என்று கேட்பார்கள் அல்லவா? அதே கதைதான். ஒவ்வொரு மாநிலமும் தன் ரெஜிமெண்டுகளுக்கு ஒன்றிலிருந்து எண் போட்டது. 1ஆவது மெய்ன் உண்டு, 1ஆவது மிச்சிகன் உண்டு, 1ஆவது வர்ஜீனியா உண்டு. இவை தவிர, மத்திய அரசின் நிரந்தரப் படையிலும் ஒரு 1ஆவது. ஆகவே எண்ணோடு மாநிலப் பெயர் கட்டாயம் வேண்டும்.

மாநிலப் பெயரைச் சேர்த்தாலும் பல நேரம் போதாது. 1ஆவது அலபாமா என்ற பெயரில் பிரிந்துபோன தெற்கு மாநிலங்களின் கூட்டமைப்பிலும் ஒரு குதிரைப்படை இருந்தது, வடக்கு அரசுப் பக்கத்திலும் ஒன்று இருந்தது. அலபாமா பிரிந்துபோனதை ஏற்காத அந்த மாநிலத்து ஆட்கள் சேர்ந்து அமைத்தது வடக்குப் பக்கத்துப் படை. 1864இல் ஜார்ஜியா வழியாகக் கடலை நோக்கி நடந்தபோது வடக்கு ஜெனரல் ஷெர்மன் தனக்குக் காவலாக வைத்துக்கொண்டது இவர்களைத்தான். வர்ஜீனியாவில் குழப்பம் இன்னும் அதிகம். அதன் மேற்குப் பகுதி வடக்கோடு நின்று, 1863 ஜூனில் மேற்கு வர்ஜீனியா என்ற தனி மாநிலமானது. அதற்கு முன்பு அங்கே திரட்டிய வடக்குப் படைக்கும் பெயர் 1ஆவது வர்ஜீனியாதான். கெட்டிஸ்பர்க்கில் ஒரே நாளில், ஆளுக்கொரு மூலையில், இரண்டு பக்கத்திலும் ஒரு “1ஆவது வர்ஜீனியா” சண்டை போட்டிருக்கிறது. எனவே தெற்கு மாநிலத்தின் பெயரைப் பார்த்தவுடன் “தெற்குப் படை” என்று எழுதிவிடாதீர்கள்.

எண்ணே மாறிப்போன கதையும் உண்டு. போருக்கு முன்பு நிரந்தரப் படையில் டிராகூன் (குதிரையில் போய், தேவைப்பட்டால் இறங்கியும் சண்டை போடுகிறவர்கள்), குதிரைத் துப்பாக்கியர், குதிரைப்படை என்று மூன்று பெயர்களில் ரெஜிமெண்டுகள் இருந்தன. 1861 ஆகஸ்டில் எல்லாவற்றுக்கும் குதிரைப்படை என்றே பெயர் வைத்து, தொடங்கிய வரிசைப்படி எண்ணை மாற்றினார்கள். 1ஆவது டிராகூன் 1ஆவது குதிரைப்படை ஆனது. அதனால் பழைய 1ஆவது குதிரைப்படை 4ஆவதாகவும், பழைய 2ஆவது 5ஆவதாகவும் கீழே இறங்கின. பின்னாளில் தெற்குப் படைத் தளபதியான ராபர்ட் லீ 1855இலிருந்து லெப்டினன்ட் கர்னலாக இருந்த “2ஆவது குதிரைப்படை”யின் வரலாற்றைத் தேடுகிறவர் 5ஆவதின் வரலாற்றைப் பார்க்க வேண்டும். பென்சில்வேனியாக்காரர்கள் ஒரே படைக்கு இரண்டு எண் வைத்தார்கள். ஈட்டி ஏந்திப் போன அவர்களுடைய 6ஆவது குதிரைப்படைதான் மாநிலக் கணக்கில் 70ஆவது ரெஜிமெண்டும். இரண்டு படை என்று எண்ணி, இருந்த ஆளை இரட்டிப்பாக்கிவிடக் கூடாது.

ரெஜிமெண்டுக்குக் கீழே கம்பெனி. வடக்கில் பொதுவாகப் பன்னிரண்டு, ஏ முதல் எம் வரை. தெற்கில் பத்து, ஏ முதல் கே வரை. இரண்டிலும் ‘ஜே’ கிடையாது. கையால் எழுதும்போது ‘ஐ’யும் ‘ஜே’யும் ஒன்றுபோலத் தெரியும் என்பதுதான் வழக்கமாகச் சொல்லும் காரணம். பழைய பட்டியலில் “கம்பெனி ஜே” என்று உங்கள் கண்ணுக்குப் பட்டால் அது அனேகமாக ‘ஐ’. தெற்குச் சிப்பாய்களின் கடிதங்களில் “கம்பெனி க்யூ” என்று வரும். அதையும் பட்டியலில் தேட வேண்டாம். குதிரை இல்லாமலோ, குதிரை நொண்டியோ பின்னால் தங்கிவிட்டவர்களைக் கேலியாக அப்படிச் சொன்னார்கள்.

அந்தக் கேலிக்குப் பின்னால் பெரிய விஷயம் ஒன்று இருக்கிறது. குதிரையை அரசாங்கம் கொடுத்தது என்று நினைப்பது வடக்குக்குச் சரி, தெற்குக்குத் தவறு. தெற்கில் சிப்பாய் தன் வீட்டுக் குதிரையோடுதான் படையில் சேர்ந்தார். அதற்கு நாளொன்றுக்கு 40 சென்ட் வாடகை. சண்டையில் குதிரை செத்தால், சேரும்போது மதிப்பிட்டு எழுதிய விலை கிடைக்கும். நோயில் செத்தாலோ, ஓடி ஓடி ஓய்ந்து போனாலோ நஷ்டம் அவருடையது. வேறு குதிரை பிடிக்க லீவு போட்டு ஊருக்குப் போக வேண்டும், கிடைக்காவிட்டால் காலாட்படைக்கு மாற்றிவிடுவார்கள். முதல் இரண்டு வருஷம் இந்த ஏற்பாடு தெற்குக்கு லாபமாக இருந்தது, ஏனென்றால் வந்தவர்கள் எல்லாரும் சவாரி தெரிந்தவர்கள், குதிரையும் பழகிய குதிரை. பின்னால் இதுவே கழுத்தை நெரித்தது. 1864இல் ஒரு தெற்கு ரெஜிமெண்டில் சண்டைக்கு ஆள் குறைவாக இருந்தால், உடனே “ஓடிப்போனார்கள்” என்று எழுதாதீர்கள். பாதிப் பேர் குதிரை தேடி ஊருக்குப் போயிருக்கலாம்.

வடக்கிலும் குதிரைகள் சும்மா செழிக்கவில்லை. ஒரு குதிரைக்கு நாளொன்றுக்கு 14 பவுண்டு வைக்கோல், 12 பவுண்டு தானியம் என்பது விதி. நம்மூர்க் குதிரைக்குக் கொள்ளு என்றால் அங்கே மக்காச்சோளமும் ஓட்ஸும். ஆயிரம் குதிரை கொண்ட ஒரு ரெஜிமெண்டுக்கு இது தினமும் சுமார் 12 டன் தீனி. வரைபடத்தில் அம்புக்குறி போட்டு “இங்கிருந்து இங்கே போனார்கள்” என்று காட்டும்போது, இந்தப் 12 டன்னை யார் சுமந்தது என்றும் கேட்டுப் பார்க்க வேண்டும். 1863 ஜூலையில் வடக்கு அரசு குதிரைகளுக்கென்றே தனித் துறை அமைத்தது. வாஷிங்டனில் கீஸ்பரோ என்ற இடத்தில் 30,000 குதிரைகளை வைக்கும் கணக்கில் லாயங்கள் கட்டினார்கள்.

அப்புறம், வாள். ஓவியங்களில் எல்லாரும் வாளை உயர்த்திக்கொண்டுதான் பாய்கிறார்கள். 1863 ஜூன் 9 அன்று பிராண்டி ஸ்டேஷனில் அப்படியும் நடந்தது, மறுப்பதற்கில்லை. ஆனால் பெரும்பாலும் குதிரை என்பது சண்டை நடக்கும் இடத்துக்குச் சீக்கிரம் போய்ச் சேர உதவிய வாகனம். அங்கே இறங்கித்தான் சுட்டார்கள். நாலு பேரில் ஒருவர் மற்ற மூவரின் குதிரைகளையும் பிடித்துக்கொண்டு பின்னால் நிற்பார். எனவே “1,000 குதிரைவீரர்கள்” என்றால் துப்பாக்கியோடு முன்வரிசையில் நின்றது 750 பேர். கெட்டிஸ்பர்க்கில் முதல் நாள் காலை வடக்கு ஜெனரல் ஜான் பியூஃபர்டின் இரண்டு பிரிகேடுகள் (பல ரெஜிமெண்டுகள் சேர்ந்தது ஒரு பிரிகேடு) தெற்குக் காலாட்படையைத் தடுத்தது இப்படி இறங்கி நின்றுதான்.

பியூஃபர்டைப் பற்றி ஒரு பிடிவாதமான கட்டுக்கதை உண்டு. அவருடைய ஆட்கள் ஏழு தோட்டாவை அடுத்தடுத்துச் சுடும் ஸ்பென்சர் துப்பாக்கியால் சுட்டுத் தள்ளினார்கள் என்பது அது. இல்லை. அவர்கள் கையில் இருந்தவை ஒரு தோட்டா போட்டு ஒருமுறை சுடும் கார்பைன்கள், அதாவது குட்டைக் குழல் துப்பாக்கிகள். பின்பக்கமாகத் தோட்டா போடுவதால், குழல் வாயில் மருந்து இடித்துச் சுடும் எதிரியைவிட வேகமாகச் சுட முடிந்தது, படுத்தபடியே போடவும் முடிந்தது. அவ்வளவுதான். கெட்டிஸ்பர்க்கில் ஸ்பென்சர் இருந்தது கஸ்டரின் பிரிகேடில், அதுவும் 5ஆவது மிச்சிகனிடமும் 6ஆவதில் ஒரு பகுதியிடமும். அவையும் நீண்ட ரைஃபிள்கள்தான், ஸ்பென்சர் கார்பைன் வந்து சேர்ந்தது பிற்பாடு.

குதிரையில் வந்தவர் எல்லாம் குதிரைப்படை என்றும் எண்ண வேண்டாம். வடக்கின் ஜான் வைல்டரின் பிரிகேடு குதிரை ஏறிய காலாட்படை. ரெஜிமெண்ட் எண்ணும் காலாட்படை எண்தான்.

கறுப்பினக் குதிரைவீரர்கள் என்றதும் “பஃபலோ சோல்ஜர்ஸ்” என்று எழுதுவது அடுத்த தவறு. அந்தப் பட்டப்பெயர் கொண்ட நிரந்தரப் படையின் 9ஆவது, 10ஆவது குதிரைப்படை ரெஜிமெண்டுகளும் 1866இல் வந்தவை. போரில் இருந்தவை அமெரிக்கக் கறுப்பினக் குதிரைப்படை என்ற பெயரில் ஆறு ரெஜிமெண்டுகளும், 5ஆவது மாசசூசெட்ஸும். 1865 ஏப்ரல் 3 அன்று தெற்கின் தலைநகரான, வர்ஜீனியாவின் ரிச்மண்டுக்குள் நுழைந்த படைகளில் 5ஆவது மாசசூசெட்ஸும் ஒன்று. கறுப்பினக் குதிரைப்படையின் 5ஆவது ரெஜிமெண்ட் 1864 அக்டோபர் 2 அன்று வர்ஜீனியாவின் சால்ட்வில்லில் இறங்கி நின்று போரிட்டது. காயம்பட்டுக் கிடந்தவர்களைப் பிறகு தெற்குத் தரப்பினர் சுட்டுக் கொன்றார்கள். சால்ட்வில்லை வெறும் “தோல்வி” என்று ஒரு வரியில் கடந்து போகும் குறிப்புகளை நம்பாதீர்கள்.

இறந்தவர் எல்லாரும் களத்தில் விழுந்தவர்கள் என்று எடுத்துக்கொள்வதும் சரியில்லை. வடக்குக் குதிரைப்படைகளில் சண்டையில் அதிக ஆட்களை இழந்தது 1ஆவது மெய்ன். களத்திலும் காயத்தாலும் இறந்தவர்கள் 174 பேர், நோயால் இறந்தவர்கள் 344 பேர். அதிகம் அடிபட்ட படைக்கே இதுதான் கணக்கு.

கடைசியாக, ஒரு தனி வீரரைத் தேடுகிறவர்களுக்கு. எழுத்தர் காதில் விழுந்தபடி பெயரை எழுதியதால், ஒரே ஆள் இரண்டு மூன்று எழுத்துக்கூட்டல்களில் இருப்பார், எல்லாவற்றையும் போட்டுப் பாருங்கள். வடக்கு வீரரின் பென்ஷன் கோப்பு வாஷிங்டனில் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கும். தெற்கு வீரருக்கு அங்கே பணிப்பதிவு மட்டும்தான், பென்ஷன் இருக்காது. தெற்குப் பென்ஷனை மாநிலங்கள் கொடுத்தன. அதிலும் போரிட்ட மாநிலம் அல்ல, பிறகு குடியிருந்த மாநிலம். வர்ஜீனியா ரெஜிமெண்டில் இருந்தவர் டெக்சஸுக்குக் குடிபோயிருந்தால், ரிச்மண்டை விட்டுவிட்டு டெக்சஸ் தலைநகர் ஆஸ்டினில் தேடுங்கள்.