முப்பது தாண்டியும் விங்ல ஆடணும்னா கார்டன் ஸ்மித்த பாருங்க

நம்ம காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர் பக்கமெல்லாம் ஞாயித்துக்கிழமை காலைல ஃபுட்பால் ஆடுற டீம்கள்ல ஒரு வழக்கம் இருக்கு, விங்ல, அதாவது கிரவுண்டு ஓரமா முன்னாடி, ஆடுறவனுக்கு முப்பது வயசு ஆச்சுன்னா "அண்ணே நீங்க பின்னாடி நில்லுங்கண்ணே"ன்னு டிஃபென்ஸுக்கு தள்ளிருவாங்க, தொப்பையும் இருந்துச்சுன்னா கீப்பர் கிளவுஸையே கையில குடுத்துருவாங்க. வேகம் போச்சுன்னா விங்கர் முடிஞ்சான்னு நெனப்பு. எனக்கு இதுல உடன்பாடே இல்ல. வேகத்த மட்டும் வச்சு ஆடினவன்தான் முடிவான், மத்தவனுக்கு இன்னும் பல வருசம் இருக்கு.

அதுக்கு ஸ்காட்லாந்து ஆளு ஒருத்தர சாட்சியா கூப்பிடுறேன், பேரு கார்டன் ஸ்மித், 1924ல எடின்பரோவுல பொறந்தவரு, வலது விங். 1941 ஏப்ரல்ல பதினாறு வயசுல அந்த ஊரு ஹிப்ஸ் டீமுக்கு எறங்கி அதே ஊரு எதிரி டீம் ஹார்ட்ஸுக்கு எதிரா மொத மேட்ச்லயே மூணு கோல். ஹிப்ஸோட 1948, 1951, 1952ன்னு மூணு லீக் பட்டம். 1959ல கணுக்கால் கெட்டுப்போயி, இனிமே இவரு தேறமாட்டாருன்னு கிளப்பே விட்டுருச்சு. மனுசன் சொந்த காச போட்டு ஆபரேசன் பண்ணிக்கிட்டு ஹார்ட்ஸுக்கு போயி 1960ல பட்டம் அடிச்சாரு, அங்கயும் விட்டதுக்கப்புறம் டண்டி கிளப்புக்கு போயி 1962 ஏப்ரல்ல இன்னொரு பட்டம், அப்ப அவருக்கு 38 ஆக ஒரு மாசம்தான் பாக்கி. மூணு கிளப், அஞ்சு பட்டம், அதுல ஒண்ணுகூட அந்த நாட்டு பெரிய கிளப்புகளான ரேஞ்சர்ஸோ செல்டிக்கோ இல்ல. ஐரோப்பிய கோப்பையிலயும் மூணு கிளப்புக்கும் ஆடியிருக்காரு. சப்ஸ்டிட்யூட்டே கெடையாத காலம் அது, 90 நிமிசமும் நீதான் ஓடணும், தோல் பந்து மழையில நனைஞ்சா கல்லு மாதிரி கனக்கும்.

சரி இப்ப நம்ம கிரவுண்டுக்கு வருவோம்.

மொதல்ல கணுக்கால், ஏன்னா விங்கருக்கு சோறு போடுறதே அதுதான். நம்ம செம்மண் பொட்டல் மேல சரளைக்கல்லு வேற கெடக்கும், திரும்பும்போது கால் மடங்குறது சகஜம். அடியில நீளமான ஸ்டட்ஸ் (குமிழ்) வச்ச ஷூ இந்த தரைக்கு ஆகாது, எறங்காம மேல நிக்கும், கணுக்கால்தான் வாங்கும். சின்ன சின்ன ரப்பர் ஸ்டட்ஸ் நெறைய இருக்குற ஷூ வாங்குங்க. தினமும் பல்லு வெளக்கும்போது ஒத்தக்கால்ல நில்லுங்க, கொஞ்ச நாள் கழிச்சு கண்ண மூடிக்கிட்டு நில்லுங்க (சுவரு பக்கத்துல), படிக்கட்டு நுனியில நின்னு குதிகால ஏத்தி எறக்குங்க. பழைய வீடுன்னா திண்ணை படியே போதும். மடங்கி வீங்கிருச்சு, நாலு அடி கூட ஊனி நடக்க முடியலன்னா எண்ணெய் போட்டு உருவி விட சொல்லாதீங்க, எக்ஸ்ரே எடுத்து பாருங்க. உடையல, சவ்வுதான்னா வலி போன அன்னிக்கே எறங்கிராம ஒத்தக்கால்ல குதிக்க முடியுதான்னு பாத்துட்டு எறங்குங்க.

அடுத்தது நிக்கிற எடம். இதுலதான் பாதி விசயம் இருக்கு. உங்கள மறிக்கிற ஓரத்து டிஃபெண்டர், அதான் ஃபுல் பேக், இருபது வயசு பையனா இருக்கும்போது அவனோட ஓட்டப்பந்தயம் வச்சா தோக்கத்தான் செய்வீங்க, அதனால ஓடாதீங்க. நம்ம பக்கம் வடமாடு பாத்திருப்பீங்கள்ல, கயிறு எட்டுற தூரம் வரைக்கும்தான் மாடு, அத தாண்டி நிக்கிறவன ஒண்ணும் பண்ண முடியாது. ஃபுல் பேக்கும் அதே, அவன் நடு டிஃபென்ஸ விட்டு ரொம்ப தூரம் வரமாட்டான், வந்தா பின்னாடி ஓட்டை விழும். டச் லைன்ல (கிரவுண்டோட பக்கவாட்டு கோடு) சுண்ணாம்பு ஷூவுல ஒட்டுற அளவுக்கு ஓரமா நில்லுங்க. அவன் உங்கள விட்டு உள்ள நின்னா பந்த காலுக்கு வாங்குங்க, உங்கள ஒட்டி வந்தான்னா உங்களுக்கு உள்பக்கம் இன்சைட்ல ஆடுற பங்காளிக்கு தட்டி விட்டுட்டு அவன் முதுகுக்கு பின்னாடி போங்க. ரெண்டுல எதுன்னு பந்து வந்தப்புறம் யோசிக்க கூடாது, பந்து வேற ஆளுகிட்ட இருக்கும்போதே தலைய திருப்பி ஒரு தடவ பாத்து முடிவு பண்ணிரணும். தலைய திருப்பாத விங்கருக்கு முப்பதென்ன இருபத்தஞ்சுலயே கஷ்டம்தான்.

பந்த வாங்கும்போது உடம்ப பாதி திருப்பி, பந்துக்கு தூரத்துல இருக்குற கால்ல வாங்குங்க, அப்ப ஒரே டச்ல முன்னாடி போயிரலாம். நம்ம தரையில பந்து கல்லுல பட்டு எகிறும், அதனால உருண்டு வர்ற பந்தையும் அப்படியே நம்பாம கடைசி நேரத்துல உள்ளங்காலால அமுக்க ரெடியா இருக்கணும்.

கிராஸ்தான், அதாவது ஓரத்துலருந்து கோலுக்கு முன்னாடி பந்த போடுறதுதான், உங்க பொழப்பு. சின்ன பசங்க எல்லாம் கார்னர் கொடி வரைக்கும் ஓடி மூச்சு வாங்கிட்டு அப்புறம் தூக்கி போடுவானுங்க, அதுக்குள்ள எதிர் டீம் மொத்தமும் பாக்ஸுக்குள்ள வந்து நின்னுரும். நீங்க பெனால்டி பாக்ஸ் கோட்டுக்கு முன்னாடியே, டிஃபென்ஸ் இன்னும் பின்னாடி ஓடிக்கிட்டு இருக்கும்போதே போட்டுருங்க, கீப்பருக்கும் டிஃபெண்டருக்கும் நடுவுல. ஸ்மித்துக்கு டண்டியில ஆலன் கில்சீன்னு ஒரு ஃபார்வர்டு இருந்தாரு, தலையால அடிக்கிறதுல பெரிய கெட்டிக்காரரு, அப்படி ஒருத்தர் இருந்தா தூக்கி போடுறதுல அர்த்தம் இருக்கு. உங்க டீம்ல எல்லாரும் அஞ்சரை அடின்னா தூக்காதீங்க, தரையோட பின்னாடி இழுத்து குடுங்க, ஓடி வர்றவன் அடிப்பான். ஆடி மாசம் காத்து பேய் மாதிரி அடிக்கும், எதிர்காத்துல தூக்குன பந்து உங்ககிட்டயே திரும்பி வரும், அப்பவும் தரையோடதான். காத்து முதுகுல இருந்தா பாதி வேகம் போதும். காலைல ஏழு மணி வெயில் எதிர் கீப்பர் கண்ணுல விழுற பாதியில மட்டும் ஒசரமா போடுங்க. இது கொஞ்சம் வில்லத்தனம்தான், ஆனா ரூல்ல தப்பில்ல.

எப்பவுமே ஒரே பக்கமா போனா ஃபுல் பேக் உங்கள அஞ்சு நிமிசத்துல படிச்சுருவான். ஹிப்ஸ்ல ஸ்மித், ஜான்ஸ்டன், ரெய்லி, டர்ன்புல், ஆர்மண்டுன்னு அஞ்சு பேர் முன்னாடி, ஃபேமஸ் ஃபைவ்னு பேரு, அஞ்சு பேருமே அந்த கிளப்புக்கு லீக்ல நூறு கோலுக்கு மேல அடிச்சவங்க. ஜெர்சி நம்பர் போட்ட எடத்துலயே நிக்காம மாறி மாறி ஆடுவாங்க. ஸ்மித் விங்கரா இருந்துகிட்டே ஹிப்ஸுக்கு 300 கோலுக்கு மேல அடிச்சதுக்கு இதுவும் ஒரு காரணம். நீங்களும் பங்காளியோட பேசி வச்சுக்கங்க, அவன் ஓரத்துக்கு போனா நீங்க உள்ள. இடது கால் வெறும் ஊன்றதுக்கு மட்டும்னா இதெல்லாம் நடக்காது, சாயங்காலம் காம்பவுண்டு சுவத்துல இடது கால்ல மட்டும் தட்டி பழகுங்க. வீட்ல திட்டுவாங்க, பரவாயில்ல.

"வேலை இருக்கு, பிராக்டிஸ்க்கு நேரமில்ல"ன்னு சொல்றவங்களுக்கு இன்னொரு ஸ்காட்லாந்து விங்கர் இருக்காரு, பில்லி லிடெல், லிவர்பூல்ல 534 மேட்ச், 228 கோல். ஆடுன காலம் பூரா அக்கவுண்டன்டா வேலையும் பாத்தவரு, கடைசி மேட்ச் 1960ல. வயசு ஏற ஏற ஓரத்த விட்டு சென்டர் ஃபார்வர்டா மாறிக்கிட்டாரு. உங்களுக்கும் ஒரு நாள் அது தேவைப்படும், அப்ப கீப்பர் கிளவுஸ வாங்காம முன்னாடி நடுவுல நிக்க கேளுங்க.

சாப்பாடு பத்தி ரொம்ப சொல்ல ஒண்ணுமில்ல. சனிக்கிழமை கல்யாண வீட்ல பால் பணியாரம், கந்தரப்பம், சீயம்னு ஒரு கட்டு கட்டிட்டு ஞாயித்துக்கிழமை விங்ல நிக்க முடியாது, அன்னிக்கு லைன்ஸ்மேனா நில்லுங்க. வெயிலுக்கு உப்பு போட்ட நீர்மோர் போதும். நெஞ்சு அடைச்சாலோ கண்ணு இருட்டினாலோ அந்த நிமிசமே வெளிய வந்து ஆஸ்பத்திரிக்கு போங்க, இதுல மட்டும் வீம்பு வேணாம்.

கடைசியா, டீம்ல பெஞ்சுலயே வச்சாங்கன்னா மாறிக்கங்க. ஸ்மித் போனது ஒரே ஊரு எதிரி டீமுக்கு. நம்ம ஊர்ல அப்படி பக்கத்து ஊரு டீமுக்கு போனா பெரிய பஞ்சாயத்து ஆயிரும்தான், மாமன் மச்சான் எல்லாம் பேச மாட்டாங்க, அதனால திருவிழா டோர்னமென்ட் முடிஞ்சதுக்கப்புறம், கேப்டன் கிட்ட நேர்ல சொல்லிட்டு, ஜெர்சிய துவைச்சு குடுத்துட்டு போங்க. பழைய டீமோட மோதுற மொத மேட்ச்ல அவங்க ஃபுல் பேக்குக்கு உங்க சோலி பூரா தெரியும், எந்தப் பக்கம் திரும்புவீங்கன்னு தூக்கத்துல கேட்டாலும் சொல்லுவான், அன்னிக்கு மட்டும் மொத அரைமணி நேரம் இடது விங்ல ஆடுங்க.