ஏ.ஆர்.டி. மாத்திரை இலவசம், மற்ற செலவைக் குறைப்பது எப்படி?

நான் பள்ளிப்பாளையம் பக்கம் தறி ஓட்டுகிறேன். 2006 முதல் எச்.ஐ.வி.க்கு ஏ.ஆர்.டி. என்னும் கூட்டு மருந்து சாப்பிடுகிறேன். மருந்து தரும் ஏ.ஆர்.டி. மையத்தில் வரிசையில் நிற்கும்போது, புதிதாக வந்தவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "மாசம் எவ்வளவு ஆகுங்க அக்கா?" என்பதுதான். அவர்களிடம் சொல்வதை இங்கே எழுதுகிறேன்.

மாத்திரைக்குச் செலவு இல்லை. 2001-இல் சிப்லா நிறுவனம் மூன்று மருந்துச் சேர்க்கையை ஒருவருக்கு ஆண்டுக்கு 350 டாலருக்குத் தர முன்வந்த பிறகுதான் ஏழை நாடுகளுக்கு இந்தச் சிகிச்சை எட்டும் விலைக்கு வந்தது. 2004 ஏப்ரல் 1 முதல் நம் அரசு அதை இலவசமாகத் தருகிறது. முதலில் தொடங்கிய மருத்துவமனைகளில் தாம்பரம் சானடோரியமும் ஒன்று. ஆனாலும் நம் கையிலிருந்து பணம் போகத்தான் செய்கிறது. பேருந்து, போன கூலி, வெளியே எடுக்கும் டெஸ்ட், 'குணப்படுத்துகிறேன்' என்று வாங்கும் வைத்தியம், இந்த நான்கில்தான் போகிறது.

எச்.ஐ.வி. பரிசோதனை செய்யும் நம்பிக்கை மையத்தில் தந்த ரிப்போர்ட்டையும் அடையாள அட்டையையும் முதல் நாள் ஏ.ஆர்.டி. மையத்துக்கு எடுத்துக்கொண்டு போங்கள். சி.டி.ஃபோர் (நோய் எதிர்ப்பு அணுக்களின் எண்ணிக்கை), ரத்த அளவு, சிறுநீரகத்துக்குக் கிரியாட்டினின், கல்லீரல், சர்க்கரை, மஞ்சள் காமாலை பி (ஹெபடைடிஸ் பி), இவற்றையெல்லாம் அங்கேயே பார்ப்பார்கள். தனியார் லேபில் முன்கூட்டி எடுத்துக்கொண்டு போக வேண்டாம். 2017-க்குப் பிறகு சி.டி.ஃபோர் எவ்வளவு இருந்தாலும் மாத்திரை தொடங்குவார்கள். 'எண்ணிக்கை குறையட்டும்' என்று யாரும் காத்திருக்க வேண்டியதில்லை. இருமல், காய்ச்சல், எடை குறைவது, இரவில் வியர்ப்பது, விடாத தலைவலி இருந்தால் மட்டும் முதல் நாளே சொல்லிவிடுங்கள். காசநோயோ மூளைக்காய்ச்சலோ இருந்தால் அதற்கு முதலில் மருந்து தர வேண்டும்.

இப்போது பெரும்பாலானவர்களுக்குக் கிடைப்பது டி.எல்.டி. மாத்திரை. டெனோஃபோவிர் 300, லாமிவுடின் 300, டோலுடெக்ராவிர் 50 மில்லிகிராம், மூன்றும் ஒரே மாத்திரையில், ஒரு நாளைக்கு ஒன்று. நான் தொடங்கிய காலத்தில் ஸ்டாவுடின் கலந்ததைத் தந்தார்கள். காலையும் இரவும் விழுங்க வேண்டும், பாதம் எரியும், கன்னம் ஒட்டிப்போகும். அதைத் தாண்டி வந்தவள் என்பதால் இந்த ஒற்றை மாத்திரையின் மதிப்பு எனக்குத் தெரியும். தூக்கம் கெட்டால் காலைக்கு மாற்றிக்கொள்ளலாமா என்று மருத்துவரிடம் கேளுங்கள். ஒரு வேளை மறந்துவிட்டால் நினைவு வந்ததும் போடுங்கள். அடுத்த வேளை நெருங்கிவிட்டிருந்தால் அதை மட்டும் போடுங்கள், இரண்டைச் சேர்த்துப் போட வேண்டாம்.

மற்ற மருந்தோடு இது மோதுவதைப் பலர் கவனிப்பதில்லை. அசிடிட்டிக்குக் குடிக்கும் அந்தப் பால் போன்ற மருந்து டோலுடெக்ராவிரை உடம்பில் சேரவிடாது. டி.எல்.டி. போட்டு 2 மணி நேரம் கழித்து அதைக் குடிக்கலாம். முதலிலேயே குடித்துவிட்டால் 6 மணி நேரம் பொறுங்கள். இரும்புச்சத்து, கால்சியம் மாத்திரைக்கும் இந்த இடைவெளிதான். ஆனால் இரும்புச்சத்து, கால்சியம் மாத்திரையை மட்டும் சாப்பாட்டோடு சேர்த்து விழுங்கினால் டி.எல்.டி.யோடு ஒன்றாகப் போடலாம். சர்க்கரைக்கு மெட்ஃபார்மின் எடுப்பவர்களும், காசநோய்க்கு ரிஃபாம்பிசின் எடுப்பவர்களும் அளவை மருத்துவரிடம் கேட்டே தீர வேண்டும். காசநோய்க்கு ரிஃபாம்பிசின் ஓடும்போது, டி.எல்.டி. போட்டு 12 மணி நேரம் கழித்துப் போட டோலுடெக்ராவிர் மட்டும் உள்ள மாத்திரை ஒன்றைக் கூடுதலாகத் தருவார்கள். மஞ்சள் காமாலை பி இருப்பவர்கள் டி.எல்.டி.யைத் திடீரென நிறுத்தவே கூடாது, கல்லீரல் சட்டென்று கெடும்.

டெஸ்ட்டில் முக்கியமானது வைரல் லோடு, அதாவது ரத்தத்தில் வைரஸ் எவ்வளவு இருக்கிறது என்று பார்ப்பது. மருந்து தொடங்கிய 6-ஆம் மாதம், 12-ஆம் மாதம், அப்புறம் ஆண்டுக்கு ஒரு முறை. இதுவும் அரசில் இலவசம், தேதி தவறவிடாதீர்கள். 1000-க்கு மேல் வந்தால் பயந்துபோய் மையத்தை மாற்றாதீர்கள். மாத்திரை எங்கே விட்டுப்போகிறது என்று ஆற்றுப்படுத்துநர் உட்கார்ந்து பேசுவார், சுமார் 3 மாதம் ஒழுங்காகப் போட்ட பின் மறுபடி எடுப்பார்கள். அப்போதும் குறையாவிட்டால்தான் மருந்தை மாற்றுவது பற்றிப் பேச்சு. வைரஸ் தென்படவில்லை என்று வந்து, மாத்திரையும் தவறாமல் ஓடினால், தாம்பத்தியத்தில் துணைக்குத் தொற்றாது. இது உலக சுகாதார நிறுவனமே சொல்வது. சி.டி.ஃபோரைப் பொறுத்தவரை, வைரஸ் கட்டுப்பட்டு எண்ணிக்கை 350-ஐத் தாண்டி நின்றுவிட்டால் அதை அடிக்கடி பார்க்க வேண்டியதில்லை. 'ஒருமுறை பார்த்துவிடலாமே' என்று காசு கொடுத்து வெளியே எடுக்காதீர்கள்.

கூலி மிச்சமாக ஒரே வழி, போகும் தடவையைக் குறைப்பதுதான். உடம்பு நிலைப்பட்டதும் 2, 3 மாத மாத்திரை சேர்த்துத் தர முடியுமா என்று வாய்விட்டுக் கேளுங்கள். பக்கத்து அரசு மருத்துவமனையில் துணை மையம் இருந்தால் அங்கே வாங்கிக்கொள்ளலாம். திருப்பூருக்கு வேலைக்குப் போகிறீர்களா? இங்கே மாற்றல் எழுதி வாங்கிக்கொண்டு அங்குள்ள மையத்தில் சேருங்கள். கையில் 10 நாள் மாத்திரை இருக்கும்போதே அடுத்த மாத்திரை வாங்கக் கிளம்பிவிடுங்கள், மழை, பந்த் எது வந்தாலும் விட்டுப்போகாது.

வேர்ப்பொடி கொடுத்து 'மூணு மாசத்தில் நெகட்டிவ்' என்று சொல்பவர்களிடம் நகையை அடகு வைத்துப் பணம் கட்டியவர்களை எனக்குத் தெரியும். மாத்திரையை நிறுத்தச் சொன்னார்கள், நிறுத்தினார்கள், சிலர் திரும்பவில்லை. எச்.ஐ.வி.யை அடியோடு நீக்கும் மருந்து எந்தக் கடையிலும் இல்லை.

முதலாளிக்குத் தெரிந்தால் வேலை போகுமே என்ற பயமும் பலரை மையத்துக்கு வரவிடாமல் வைத்திருக்கிறது. 2018 செப்டம்பர் 10 முதல் அமலில் உள்ள எச்.ஐ.வி. சட்டம், இதைக் காரணமாக வைத்து வேலையை விட்டு நீக்குவதைத் தடுக்கிறது. உங்கள் சம்மதம் இல்லாமல் உங்கள் நிலையை வெளியே சொல்வதும் தவறு. நேரில் கேட்கத் தயக்கமாக இருந்தால் 1097-க்கு அடியுங்கள், கட்டணம் கிடையாது.