குறும்படக் கதையில் லாரி வேண்டாம்

ஒரே நாளில் வாழ்க்கை தலைகீழாகும் கதை எழுத உட்காருகிறவர்கள் முதலில் தேடுவது ஒரு பெரிய விபத்தை. நானும் அப்படித்தான். என் முதல் கதையில் லாரி, ஆஸ்பத்திரி, மழை எல்லாம் உண்டு. படித்த நண்பன், "இதுல நான் எங்கடா பயப்படணும்?" என்றான். அப்புறம்தான் 'லா கபினா'வை நோட்டும் பேனாவுமாகப் பார்த்தேன். அந்தோனியோ மெர்செரோ இயக்கி 1972-இல் ஸ்பெயின் தொலைக்காட்சியில் வந்த படம், 35 நிமிடம்தான். பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள், முழுக்கதையும் கீழே இருக்கிறது.

முதலில் சவுண்டை ம்யூட் செய்து பாருங்கள். அப்போதும் கதை புரியும். மாட்ரிட் குடியிருப்புகளுக்கு நடுவே ஒரு சிவப்பு டெலிபோன் பூத். மகனைப் பள்ளி பஸ்ஸில் ஏற்றிவிட்டு ஒருவர் உள்ளே போகிறார். போன் வேலை செய்யவில்லை. கதவு சாத்திக்கொள்கிறது, திறக்கவில்லை. விபத்து அவ்வளவுதான். உங்கள் கதைக்கும் இன்று காலை நீங்களே யோசிக்காமல் செய்த காரியம் ஒன்றை எடுங்கள்.

அடுத்து, உதவிக்கு வருகிறவர்களைப் பட்டியல் போடுங்கள். அதிக நேரம் இதற்கே செலவாகட்டும். ஒவ்வொருவரும் முந்தையவரைவிடக் கெட்டிக்காரராகத் தெரிய வேண்டும், தோற்கவும் வேண்டும். சுற்றிலும் வேடிக்கை பார்க்கும் கூட்டம் சிரித்துக்கொண்டே இருக்கட்டும். படத்தில் தீயணைப்பு வீரர்கள் பூத்தை உடைக்கப் போகும் நேரத்தில் டெலிபோன் கம்பெனி ஆட்கள் வந்து சேர்கிறார்கள். அப்பாடா என்றிருக்கிறது நமக்கு. அவர்களோ பூத்தை அந்த ஆளோடு சேர்த்து லாரியில் ஏற்றுகிறார்கள்! (லாரி வரலாம், இப்படி வரலாம்.)

இதற்குப் பிறகு வசனம் எழுதக் கை அரிக்கும். எழுதாதீர்கள். வழியில் இன்னொரு லாரி, அதில் இன்னொரு பூத், உள்ளே இன்னொரு ஆள். இருவரும் கண்ணாடி வழியே பார்த்துக்கொள்கிறார்கள். முதலில் மாட்டியவராக நடித்தவர் ஹோசே லூயிஸ் லோபெஸ் வாஸ்கெஸ், சிரிக்க வைப்பதில் பெயர் வாங்கியவர். அந்த முகத்தில் பயம் வரும்போது நமக்கு வயிற்றைக் கலக்குகிறது.

காரணமும் சொல்ல வேண்டாம். அப்போது ஸ்பெயினை ஆண்ட சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சியைத்தான் சொல்கிறது என்றவர்கள் உண்டு. படம் வாயைத் திறக்கவில்லை. பூமிக்கடியில் பிணங்களோடு வரிசையாக பூத்துகளைக் காட்டிவிட்டு, பழைய இடத்தில் புது பூத்தை நிறுத்துகிறார்கள்.

என் கதையில் இப்போது ஒருவர் ஆதார் கார்டை ஜெராக்ஸ் எடுக்கப் போயிருக்கிறார். உதவிக்கு வரும் நான்காவது ஆள் யார் என்பதில்தான் ஒரு வாரமாக நிற்கிறேன்.