மண் மீளும் கதையைப் படமெடுப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மண்ணை மீட்கும் வேளாண்மை பற்றி ஆவணப்படம் எடுக்க வரும் புதியவர்கள் பேட்டரி, மெமரி கார்டு விஷயத்தில் உஷாராகத்தான் இருக்கிறார்கள். கோட்டை விடுவது வேறு இடங்களில்.

முதல் நாள் நிலத்தை எடுக்காமல் விடுவது

எடிட்டிங்கில் பாதியில் நிற்கும் படங்களில் திரும்பத் திரும்பப் பார்ப்பது இதைத்தான். மூன்றாம் ஆண்டுப் பசுமை கையில் இருக்கும். அதே இடம் வெடித்துக் கிடந்ததற்கு ஒரு ஷாட் இருக்காது. “இதெல்லாம் கட்டாந்தரையாக் கெடந்துச்சு” என்று விவசாயி கை நீட்டுவார், திரையில் தெரிவது முழங்கால் உயரப் புல். உடனே பக்கத்து நிலத்தை எடுத்து ‘முன்பு’ என்று ஒட்டிவிடுகிறார்கள். அது பச்சைப் பொய். பேட்டியை இன்னொரு நாள் எடுத்துக்கொள்ளலாம், மாறிப்போன நிலத்தை எடுக்க முடியாது. இவ்வளவு சொல்லியும் இதையே செய்வதுதான் எரிச்சல்.

முதல் வருகையில், பேட்டிக்கு முன்பே, நான்கைந்து இடங்களில், கேமரா நிற்கும் இடத்துக்கு அடையாளமாக, இரும்புக் குழாய் அடியுங்கள். கைபேசி ஜிபிஎஸ்ஸை மட்டும் நம்ப வேண்டாம். அது சில மீட்டர் தள்ளிக் காட்டினாலே முன்னால் இருக்கும் வரப்பு ஃப்ரேமை விட்டுப் போய்விடும். ட்ரைபாடின் நடு, குழாய்க்கு நேர் மேலே. லென்ஸ் உயரம் 1.5 மீட்டர் என்றால் எல்லா முறையும் 1.5 மீட்டர். ஜூம் வேண்டாம், 35 மி.மீ. போல ஒரே லென்ஸ். திசைகாட்டி டிகிரி, தேதி, நேரம், கடைசி மழை பெய்த நாள் எல்லாம் நோட்டில் ஏறட்டும். பாறையோ கிணற்றுச் சுவரோ, அசையாத ஒன்று ஃப்ரேமுக்குள் இருக்க வேண்டும். அடுத்த முறை பழைய ஃப்ரேமை அச்செடுத்துக்கொண்டு போய் அதோடு பொருத்துங்கள். வைட் பேலன்ஸை 5600 கெல்வினில் பூட்டுங்கள். ஆட்டோவில் விட்டால் மண்ணின் நிறம் ஷாட்டுக்கு ஷாட் மாறும். பருவமும் ஒன்றாக இருக்கட்டும். கோடைக் காட்சிக்கு எதிரே மழைக்குப் பிந்தைய காட்சியை வைத்தால், மழை செய்த வேலை விவசாயி கணக்கில் ஏறிவிடும்.

ஈர மண்ணும் காய்ந்த மண்ணும்

நனைந்தால் எந்த மண்ணும் கூடுதல் கருமையாகத்தான் தெரியும். தண்ணீரில் மண்கட்டி கரையும் சோதனையை எடுக்கும்போது, மீட்ட நிலத்துக் கட்டி, உழுத நிலத்துக் கட்டி இரண்டும் ஒரே ஆழத்தில் எடுத்தவையாக, நிழலில் முழுதாக உலர்ந்தவையாக இருக்க வேண்டும். கம்பி வலை மேல் வைத்துக் கண்ணாடி ஜாடியில் இறக்குங்கள். உயிருள்ள மண் குமிழி விட்டபடி உருக்குலையாமல் நிற்கும். உழுது நொந்த மண் விளிம்பிலிருந்து உதிர்ந்து அடியில் சேறாகும். வெட்டாமல் ஒரே ஷாட்டாக எடுங்கள், ஆகும் நேரம்தான் சான்று.

கரிம எண்கள்

எவ்வளவு ஆழத்து மண் என்று குறிப்பிடாத கரிமச் (கார்பன்) சதவீதத்தைத் திரையில் போடாதீர்கள். அங்ககப் பொருளும் (மண்ணில் மக்கிய செடி, உயிரி மிச்சம்) அதிலுள்ள கரிமமும் ஒன்றல்ல. வழக்கமாக, முதலதை 1.724ஆல் வகுத்தால்தான் அடுத்தது.

மந்தைக்கு மேல் ட்ரோன்

வேண்டாம். மிரண்ட மாடு வேலியைப் பிய்க்கும்.

ஒலி

காற்றிரைச்சல் ஏறாமல் மைக்குக்கு ரோம உறை. ஒவ்வொரு வயலிலும் 60 வினாடி, யாரும் பேசாமல், வயலின் ஒலியை மட்டும் பதிவு செய்யுங்கள்.