கேம் திறந்தும் மாறாத மவுஸ் ப்ரொஃபைல்: என் அனுபவம்

கவுண்டர் ஸ்ட்ரைக் 2 என்ற துப்பாக்கிச் சண்டை கேமுக்கு 800 டிபிஐ (மவுஸ் அசைவுக்குக் குறி எவ்வளவு நகரும் என்ற அளவு), மற்ற வேலைக்கெல்லாம் 1600 என்று மவுஸில் இரண்டு ப்ரொஃபைல், அதாவது செட்டிங்ஸ் தொகுப்பு, போட்டு வைத்திருந்தேன். கேமைத் திறந்தால் தானாக மாற வேண்டும், மாறவே இல்லை. லேசாக அசைத்தாலே குறி எங்கேயோ போய்விடும். மவுஸின் மென்பொருளை அழித்துத் திரும்பப் போட்டுப் பார்த்தேன், ஒரு மாலை வீணானதுதான் மிச்சம்.

தப்பு என்னுடையதுதான். ப்ரொஃபைலோடு கேமை இணைக்கும்போது கேமைத் தொடங்கிவைக்கும் ஸ்டீம் செயலியின் இஎக்ஸ்இ கோப்பை (ஒரு நிரலை ஓடவைக்கும் கோப்பு) காட்டியிருக்கிறேன். மென்பொருள் பார்ப்பதோ, அந்த நேரத்தில் திரையில் முன்னால் ஓடுவது எந்த இஎக்ஸ்இ என்பதை மட்டும்தான், ஸ்டீம் கேமைத் தொடங்கிவிட்டுப் பின்னால் போய்விடுகிறது. அதனால் கேமை ஓடவிட்டு, ஆல்ட்-டேப் அடித்து, டாஸ்க் மேனேஜரில் அதன் மேல் ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுத்தேன். (ஃபோல்டர் பெயர் இன்னும் முந்தைய கேமின் பெயரான குளோபல் அஃபென்சிவ் என்றுதான் இருக்கிறது, குழம்ப வேண்டாம்.) அங்கே கிடைத்த, கேமின் சொந்த இஎக்ஸ்இயான சிஎஸ்2 கோப்பை இணைத்ததும் பாதி சரியானது.

மீதிப் பாதி, ஆன்போர்டு மெமரி. என் மவுஸில் அது ஆன் ஆகியிருந்தால் தனக்குள் சேமித்ததை மட்டுமே பார்க்கும், கணினி சொல்வதைக் கேட்காது. ஆஃப் செய்தேன்.

அப்புறம் கீபோர்டிலும் இதே கோப்பை இணைத்து, அந்த ப்ரொஃபைலில் மட்டும் விண்டோஸ் கீயை முடக்கிவிட்டேன். கண்ட்ரோலை அழுத்தப் போய் விரல் அதில் பட்டு, ஸ்டார்ட் மெனு திறந்து, அதைப் பார்த்துக்கொண்டே செத்த ரவுண்டுகளுக்குக் கணக்கே இல்லை.